நொன்னோ பாடிய பாட்டு

இத்தாலியின் சிசிலித் தீவில் இருக்கும் பலேர்மோவில் நம்மவர்கள் பலரைப் போல நானும் வயதான ஒருவரைப் பார்த்துக்கொள்ளும் வேலையில் இருந்தேன். அவரை நொன்னோ என்றுதான் கூப்பிடுவேன், தாத்தா என்று அர்த்தம். இளமையில் திராப்பானிப் பக்கம் சூரை மீன் பிடித்தவர். கண் பார்வை அநேகமாகப் போய்விட்டது.

2011 நவம்பர் கடைசியில் ஒரு நாள் சூப் கொடுத்துக்கொண்டிருந்தேன். இயக்குநர் வித்தோரியோ தெ சேத்தா காலமானார் என்று டிவியில் சொன்னார்கள். நொன்னோ கரண்டியைத் தள்ளிவிட்டு, "எங்கள் வேலையைப் படம் பிடித்தவர்" என்றார். நான் அந்தப் பெயரைக் கேள்விப்பட்டதே இல்லை.

அடுத்த ஞாயிறு பேரன் ஒரு டிவிடி கொண்டுவந்தான். தெ சேத்தா 1955இல் எடுத்த 'கொந்ததீனி தெல் மாரே', கடலின் உழவர்கள் என்று சொல்லலாம். பத்து நிமிடம்தான். கரிய படகுகள் வலையைச் சுற்றிச் சதுரமாக நிற்கின்றன. ராயிஸ் என்கிற தலைவன் சைகை கொடுத்ததும் எல்லோரும் குனிந்து வலையை இழுக்கிறார்கள். ஒருவன் பாட, மற்றவர்கள் 'அயா மோலா' என்று பதில் கொடுக்கிறார்கள். தண்ணீர் நுரைக்கிறது, அப்புறம் சிவக்கிறது.

பின்னணிக் குரல் எதுவும் கிடையாது. அந்தக் காலத்து ஆவணப் படங்களில் ஒருவர் விடாமல் விளக்கிக்கொண்டே இருப்பார். தெ சேத்தா அதை அறவே எடுத்துவிட்டு, அந்த இடங்களிலேயே நாடாவில் பதிந்த பாட்டையும் கூச்சலையும் காற்றையும் வைத்தே படத்தைக் கோத்தார். பார்வை இல்லாத ஒருவர் அந்தப் படத்தை 'பார்த்ததை' நான் கண்ணால் கண்டேன். நொன்னோவின் இரண்டு கையும் போர்வை ஓரத்தைப் பிடித்து, பாட்டுக்குச் சரியாக மடிப் பக்கம் இழுத்துக்கொண்டிருந்தன. எங்கள் ஊரில் கரைவலை இழுக்கும்போது அப்பா பாடிய அம்பாப் பாட்டு என் காதுக்குள் கேட்டது. அழுகையை அடக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு தெ சேத்தா எடுத்ததையெல்லாம் தேடித் தேடிப் பார்த்தேன். 1923இல் இதே பலேர்மோவில் பிரபுக் குடும்பத்தில் பிறந்தவர். போரின்போது ஜெர்மானியரிடம் கைதியாக இருந்தவர், ரோமில் கட்டடக்கலை படித்தவர். 1954 முதல் 1959 வரை சிசிலி, சார்தீனியா, கலாப்ரியா என்று அலைந்து பத்துக் குறும்படங்கள் எடுத்தார். வாள்மீன் வேட்டை, கந்தகச் சுரங்கம், ஆடு மேய்ப்பு என்று பெரும்பாலும் உழைப்பைப் பற்றியவை. எரிமலைத் தீவுகளைப் பற்றிய படத்துக்குக் கான் திரைப்பட விழாவில் பரிசு கிடைத்தது. 1961இல் சார்தீனியாவின் ஒர்கோசொலோ ஊர் இடையர்களையே நடிக்கவைத்து முதல் முழுநீளப் படம் எடுத்தார். வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த முதல் படத்துக்கான பரிசு அதற்குத்தான்.

எனக்கு மிகவும் பிடித்தது, 1973இல் இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியில் நான்கு பாகமாக வந்த 'ஓர் ஆசிரியரின் நாட்குறிப்பு' என்ற படம். ரோமின் புறநகர் ஏழைப் பிள்ளைகள், அவர்களுக்கு நடுவே ஆசிரியராக ஒரு நடிகர். மனப்பாடம் செய்த வசனம் பேசுகிற பிள்ளைகளாக அவர்கள் தெரியவே இல்லை. நிஜமாகவே பாடம் நடக்கிறது, நிஜமாகவே சண்டையும் வருகிறது. இப்படிப்பட்டவரின் பெயர் இத்தாலிக்கு வெளியே இவ்வளவு குறைவாகத் தெரிந்திருப்பது எனக்கு ஆற்றாமையாகவே இருக்கிறது. பின்னாளில் அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செசி போன்றவர்கள் பாராட்டிப் பேசியதும் அந்தக் குறும்படங்கள் மறுபடி வெளிச்சத்துக்கு வர உதவியது.

அந்தக் குளிர்காலம் முழுக்க ஞாயிறுதோறும் நொன்னோ அதே படத்தைப் போடச் சொன்னார். சத்தத்தைக் கூட்டிவைத்துவிட்டுப் பக்கத்தில் கதிரை போட்டு உட்காருவேன். மூன்றாவது தடவையோ நான்காவதோ, திரையில் வெறும் தண்ணீர்தான் தெரிந்தது, மீன் இன்னும் மேலே வரவில்லை. நொன்னோ என் முழங்கையைப் பிடித்து, "மகனே, இப்போது வலை கனக்கிறது, பாட்டு மெதுவாகிறது பார்" என்றார். கொஞ்ச நேரத்தில் முதல் சூரையின் முதுகு நீருக்கு மேலே தெரிந்தது.