லோவர் பீர்ஸ் பலகைப்பாதையில் கொலுகோ: பார்த்தவர்கள் பகிருங்கள்

பீர்ஸ்கரை
மாலை 6.40. சிங்கப்பூர் லோவர் பீர்ஸ் நீர்த்தேக்கப் பலகைப்பாதை, இடப்பக்க மரம். தலைக்கு மேல் இரண்டு ஆள் உயரத்தில் பட்டை புடைத்த மாதிரி ஒரு கொலுகோ, தோலை விரித்து மரத்துக்கு மரம் சறுக்கும் விலங்கு. சாம்பல் நிறத்தில் வெள்ளைப் புள்ளி, பாசி படிந்த மரம் போலவே. திடீரென்று வாலோடு ஒட்டிய தோலை முதுகுப் பக்கமாகத் தூக்கியது, எச்சம் விழுந்தது. தோல் திரும்ப இறங்கும் அந்த ஒரு கணத்தில் வயிற்றோரம் ஒரு குட்டி முகம், பெரிய கண்ணோடு. பிறகு தாய் ஏற ஆரம்பித்தது. முன்கை இரண்டும் சேர்ந்து, பின்கால் இரண்டும் சேர்ந்து, தத்தித் தத்தி. பின்னால் நின்றவர் ஃபிளாஷ் அடித்தார். அப்படியே நின்று, மரத்தின் மறுபக்கம் நகர்ந்துவிட்டது. இன்னும் இரண்டு முறை அடித்தார். 7 மணிக்குள் வெளியேற வேண்டும் என்பதால் தாவியதை யாரும் பார்க்கவில்லை. அந்த ஃபிளாஷ்தான் இன்னும் மனசில் உறுத்துகிறது.

செராயா நிழல்
பறக்கும் லெமூர் குட்டியோடு கிடைப்பது அபூர்வம், கொடுத்துவைத்தவர்கள். வெனஸ் டிரைவ் பக்கம் ஒரு முறை பட்டப்பகலில் தாவியது. காகங்கள் துரத்தின. விரிந்த தோல் நாலு மூலை இழுத்துக் கட்டிய துணி மாதிரி இருந்தது, மரத்தில் இறங்கும் முன் சட்டென்று நிமிர்ந்து வேகத்தைக் குறைத்துக்கொண்டது. ஒரு ஃபிளாஷுக்கு இவ்வளவு வருத்தப்பட வேண்டுமா?

மரப்பட்டை
செராயா, முதலில் பெயர். அது லெமூரும் இல்லை, பறப்பதும் இல்லை, சறுக்கி இறங்குவது. லெமூர் மடகாஸ்கரில்தான் உண்டு. பறக்கும் அணில் என்றும் சொல்லாதீர்கள், அணிலுக்குத் தோல் கை கால் இடையில் மட்டும். இதற்குக் கழுத்திலிருந்து விரல் நுனி, அங்கிருந்து வால் நுனி வரை. அதனால்தான் 100 மீட்டருக்கு மேலும் சறுக்க முடிகிறது.

ஃபிளாஷ் விஷயத்தில் பீர்ஸ்கரை சொல்வதுதான் சரி. இருட்டும் நேரம்தான் அது இலை தேடிக் கிளம்பும் நேரம். இருட்டுக்குப் பழகிய கண்ணில் வெளிச்சம் அடித்தால் எதிர் மரம் எங்கே என்று தெரியாமல் போகலாம். தவறினால் தாயோடு குட்டியும் சேர்ந்து விழும். தரையில் அதற்கு ஓடத் தெரியாது.

படம் வேண்டுமா, பகலில் போங்கள். அசையாமல் இருக்கும் விலங்கு, ஃபிளாஷே தேவையில்லை. கேமராவில் ஐஎஸ்ஓ 1600, ஷட்டர் 1/60 வினாடி வைத்து, கைப்பிடிக் கம்பியில் முழங்கையை ஊன்றினால் போதும். பலகையில் ஆள் நடந்தால் அதிரும், அவர் கடக்கும்வரை காத்திருங்கள். தேடும்போது மரத்தை நேராகப் பார்ப்பதைவிட பக்கவாட்டில் பாருங்கள். தண்டின் நேர்கோடு எங்கே உடைகிறதோ அங்கே நிறுத்துங்கள். கடந்துபோன மரத்தைத் திரும்பியும் பார்க்கவும். மழைக்குப் பின் பட்டை கறுத்துவிடும், அப்போது சாம்பல் நிறம் தனியாகத் தெரியும்.

ஹிண்ட்ஹீட் காலைநடை
புக்கிட் தீமாவில் கொலுகோ தேடி நின்ற ஒரு அக்காவின் கையிலிருந்த சிவப்பு பிளாஸ்டிக் பையைக் குரங்கு பிடுங்கியது. உள்ளே இருந்தது குடை. பையைக் கிழித்து, குடையை மோந்து பார்த்துவிட்டுப் போட்டுவிட்டது.

கேட்காவிட்டாலும் சொல்கிறேன், பிளாஸ்டிக் பை என்றாலே அவற்றுக்குச் சாப்பாடு. எல்லாம் ஜிப் போட்ட முதுகுப்பையில் போகட்டும், பக்கவாட்டு வலைப்பையில் தண்ணீர் பாட்டிலும் வேண்டாம். குரங்கு வந்தால் பல் தெரியச் சிரிக்காதீர்கள், கண்ணை உற்றுப் பார்க்காதீர்கள், ஓடாதீர்கள். மெதுவாகப் பின்னால் நகருங்கள். பிடித்துவிட்டால் இழுபறி வேண்டாம், விட்டுவிடுங்கள். பிள்ளையின் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். தீனி போட்டால் வனவிலங்குச் சட்டப்படி முதல் முறையே 5,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை அபராதம், மறுபடி என்றால் 10,000 வரை. பணத்தைவிடப் பெரிய விஷயம், தீனிக்காகச் சாலையோரம் உட்காரப் பழகிய குரங்குதான் காரில் அடிபடுகிறது.

மரப்பட்டை
ஹிண்ட்ஹீட் சொன்னது முழுக்க உண்மை, ஆனால் பேச்சு கொலுகோவைப் பற்றியது. சாலை என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 1986ல் புக்கிட் தீமா விரைவுச்சாலை வந்தபோது புக்கிட் தீமா காடும் மத்திய நீர்ப்பிடிப்புக் காடும் துண்டாகிப் போயின. விலங்குகள் சாலைக்கு மேலே கடக்க 2013ல் கட்டிய ஈகோ லிங்க் பாலம் 62 மீட்டர் நீளம். அழுங்குக்கு மண் போதும், நடந்து கடந்துவிடும். மரத்தை விட்டு இறங்காத கொலுகோவுக்கு இரு முனையிலும் உயர்ந்த மரம் வேண்டும். பாலத்தில் நட்ட மரங்கள் உயர்ந்து நின்றால்தான் அதற்கு அது பாதை.

பீர்ஸ்கரை
நன்றி அண்ணே. சனிக்கிழமை அதே மரத்தைப் போய்ப் பார்த்தாயிற்று, இல்லை. நாலு மரம் தள்ளி, தண்டின் நீர்த்தேக்கப் பக்கத்தில் இருந்தது. வயிற்றோரம் தோல் புடைத்திருந்தது.