ட்ரையாஜ்: தரம்பிரிப்பா, நிலைப்பகுப்பா?

வணக்கம்.

அவசரச் சிகிச்சையில் யாரை முதலில் கவனிப்பது என்று நோயாளிகளைப் பிரித்துப் பார்ப்பதுதான் ட்ரையாஜ் (triage). அதற்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று பேசிவருகிறோம்; இதுவரை வந்த சொற்களில் ‘தரம்பிரிப்பு’ பலருக்கும் பிடித்திருக்கிறது. மூலத்தோடு ஒட்டிப்போகிறது, அது உண்மைதான். பிரெஞ்சில் கம்பளியையும் காப்பிக்கொட்டையையும் தரம் பார்த்துப் பிரிப்பதற்கு வழங்கிய சொல் அது. ஆனால் கொட்டைக்குத் தரம் உண்டு. அடிபட்டுக் கிடப்பவரை ‘இரண்டாம் தரம்’ என்று எப்படிச் சொல்வது? நெப்போலியனின் படை மருத்துவர் டொமினிக் லாரே, காயம்பட்டவரின் பதவியைப் பார்க்கவில்லை. காயத்தின் கடுமையைப் பார்த்தார். ஆளைத் தரம் பார்ப்பதை ஒதுக்கிவைத்த வழக்கத்துக்கே ‘தரம்’ என்று பெயர் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

‘வரிசைப்படுத்தல்’ என்றால் முதலில் வந்தவர் முதலில் என்றே காதில் விழும். அதை விட்டுவிடலாம்.

‘கடுமைவரிசை’தான் முதலில் எனக்குப் பிடித்தது. வழக்கமான நாளுக்கு அது பொருந்தும். மருத்துவமனை அவசரப் பிரிவுகளில் வழங்கும் மான்செஸ்டர் முறையில், ஒருவர் அதிகபட்சம் எவ்வளவு நேரம் காத்திருக்கலாம் என்பதை நிறம் சொல்லும்: சிவப்பு என்றால் உடனே, ஆரஞ்சுக்கு 10 நிமிடம், மஞ்சளுக்கு 60, பச்சைக்கு 120, நீலத்துக்கு 240. ஒரே நேரத்தில் நூறு பேர் அடிபட்டுக் கிடக்கும் இடத்தில் கணக்கு மாறிவிடுகிறது. அங்கே பயன்படும் ஸ்டார்ட் முறையில், நடக்க முடிந்தவருக்குப் பச்சை அட்டை. நிமிடத்துக்கு 30 முறைக்கு மேல் மூச்சு வாங்கினால் சிவப்பு. மூச்சுப்பாதையைத் திறந்துவிட்ட பிறகும் மூச்சு வரவில்லை என்றால் கறுப்பு. எல்லாரையும்விட மோசமாக இருப்பவர் அவர்தான், ஆனாலும் கைகள் முதலில் போவது சிவப்பு அட்டைக்காரரிடம். கடுமைவரிசை அங்கே உடைந்துபோகிறது.

அதனால் என் பரிந்துரை ‘நிலைப்பகுப்பு’. மருத்துவமனையில் எல்லாரும் கேட்கும் கேள்வியே “இப்போ நிலைமை எப்படி இருக்கு?” என்பதுதானே. மணிக்கட்டு முறிந்த சிறுவன் கூடமே அதிர அலறுகிறான். இரண்டு நாற்காலி தள்ளி ஒருவர் தாடையைத் தடவியபடி சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கிறார்; சட்டை வியர்வையில் முதுகோடு ஒட்டியிருக்கிறது. செவிலியர் முதலில் அவரிடம்தான் போவார், மாரடைப்பாக இருக்கலாம் என்று. அவர் படிப்பது சத்தத்தையோ வலியையோ மட்டுமல்ல, உடலின் நிலையை. அப்புறம், நிலை மாறக்கூடியது. காத்திருக்கும்போதே பச்சை சிவப்பாகலாம், அதனால்தான் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்கள். தரம் என்றால் ஒட்டிக்கொண்டுவிடும்.

கிளைச்சொற்களும் சிரமமில்லாமல் வருகின்றன: பகுப்புச் செவிலியர், பகுப்பட்டை, மறுபகுப்பு. ஆபத்தில் இருப்பவரைக் குறைத்து மதிப்பிட்டால் குறைப்பகுப்பு, லேசான காயத்தைப் பெரிதாக எடுத்துக்கொண்டால் மிகைப்பகுப்பு. முதலாவதில் உயிர் போகலாம், இரண்டாவதில் இன்னொருவருக்கான படுக்கையும் நேரமும் போகும்.

வினையாக்கும்போது ‘நிலைபகுத்தல்’ என்று ஒற்று இல்லாமல் எழுதலாமா? இலக்கணம் அறிந்தவர்கள் இதை மட்டும் பார்த்துச் சொல்லுங்கள்.