அங்கீகாரம் ரத்து நோட்டீஸ்: நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள்

கல்லூரி அலுவலகத்தில் கண்காணிப்பாளராக இருந்தவர்:

நான் வேலை பார்த்த தொழிற்கல்விக் கல்லூரிக்கு ரிஜிஸ்டர் தபாலில் ஷோகாஸ் நோட்டீஸ் வந்தது. கல்லூரியின் பெயரும் அனுப்பிய அமைப்பின் பெயரும் இங்கே வேண்டாம். ஆய்வில் குறைபாடுகள் தெரியவந்துள்ளன, அங்கீகாரத்தை ஏன் ரத்து செய்யக் கூடாது என்று விளக்கம் தரவும் என்கிற அளவில்தான் விஷயம் இருந்தது. எந்தக் குறைபாடு? ஆசிரியர் எண்ணிக்கையா, கட்டடமா, லேபா? ஒன்றும் சொல்லவில்லை. இன்ஸ்பெக்‌ஷன் அறிக்கையின் நகலையும் வைக்கவில்லை. பதில் தரவேண்டிய கெடுவை, நோட்டீஸில் போட்ட தேதியிலிருந்து எண்ணியிருந்தார்கள். தபால் எங்கள் கைக்கு வரும்போது கெடுவில் பெரும்பகுதி போய்விட்டது.

அறிக்கை கேட்டு எழுதினோம், பதில் இல்லை. கெடு முடிந்துவிடுமே என்று கையில் இருந்ததையெல்லாம் கட்டி அனுப்பினோம். ஆசிரியர் பட்டியல், அவர்களுக்கு வங்கி வழியாகச் சம்பளம் போட்ட விவரம், பட்டா, கட்டட நிறைவுச் சான்று, நூலக ரிஜிஸ்டரின் நகல் எல்லாம் போயின. விளக்கம் திருப்திகரமாக இல்லை என்ற ஒரே வரியோடு ரத்து உத்தரவு வந்தது.

ஹைகோர்ட்டுக்குப் போன பிறகுதான் அந்த அறிக்கையைக் கண்ணால் பார்த்தோம். நூலகத்தில் புத்தகம் போதாது, ஒரு துறையில் ஆள் குறைவு என்று எழுதியிருந்தது உண்மை. லேபே இல்லை என்று எழுதியிருந்தது உண்மை இல்லை. லேப் பின்பக்க பிளாக்கின் மாடியில் இருந்தது, வந்த குழு அங்கே ஏறவே இல்லை. நோட்டீஸில் இதை ஒரு வரி போட்டிருந்தால் ஸ்டாக் ரிஜிஸ்டரும் போட்டோவும் அனுப்பித் தெளிவுபடுத்தியிருப்போம். அறிக்கையைக் கொடுத்து மறுபடியும் விசாரியுங்கள் என்று கோர்ட் திருப்பி அனுப்பியது. இரண்டாவது விசாரணையில் உண்மையான குறைகளைச் சரிசெய்ய அவகாசமும் கிடைத்தது. ஆனால் அதற்குள் அந்த வருட அட்மிஷன் போயிற்று. நல்ல ஆசிரியர்கள் சிலர் வேறு வேலைக்குப் போய்விட்டார்கள்.

ரத்து செய்யும் அதிகாரமே கூடாது என்று நான் சொல்லவில்லை. இன்ஸ்பெக்‌ஷன் அன்று மட்டும் வாடகைக்கு கம்ப்யூட்டர் இறக்கும் இடங்களை மூடத்தான் வேண்டும். ஆனால் என்ன குற்றம் என்று சொல்லாமல் பதில் கேட்டால், அதை வாய்ப்புக் கொடுத்ததாக எப்படி எடுத்துக்கொள்வது?

வழக்கறிஞர் ஒருவர்:

சார், நீங்கள் சொன்ன அந்த அறிக்கைதான் இந்த வழக்குகளில் மையமான விஷயம். 2022-இல் டகானோ என்பவர், பங்குச்சந்தையைக் கண்காணிக்கும் அமைப்பான செபிக்கு எதிராகப் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. நடவடிக்கைக்கு அடிப்படையாக இருக்கும் விசாரணை அறிக்கையை, நோட்டீஸ் பெற்றவருக்குப் பொதுவாகக் காட்டியாக வேண்டும். அது பங்குச்சந்தை வழக்கு என்றாலும் அதன் நியாயம் கல்லூரிக்கும் பொருந்தும் என்று நாங்கள் வாதாடுகிறோம். 2010-இல் ஒரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கில், முடிவை முன்கூட்டியே எடுத்துவிட்டு அனுப்பும் நோட்டீஸ் செல்லாது என்றார்கள். அப்புறம் 1977 டிசம்பரில் வந்த மொகிந்தர் சிங் கில் தீர்ப்பு. உத்தரவில் எழுதாத காரணத்தைப் பிறகு கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் போட்டுச் சேர்க்க முடியாது. 'திருப்திகரமாக இல்லை' என்ற ஒற்றை வரி உத்தரவுகள் பெரும்பாலும் இங்கேதான் விழுகின்றன.

ஒழுங்குமுறை அமைப்பில் இருப்பவர்களும் இதை யோசிக்க வேண்டும். அவசரத்தில் அனுப்பிய அரைகுறை நோட்டீஸால் அதிகம் லாபம் அடைவது மோசமான கல்லூரிதான். நோட்டீஸில் இருக்கும் ஓட்டையைக் காட்டி ஸ்டே வாங்கி, இல்லாத ஆசிரியர்களோடு இன்னும் சில பேட்ச் சேர்த்துவிடுகிறார்கள். இதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். முறையாக நடந்திருந்தால் அந்த உத்தரவு முதல் நாளே நிலைத்திருக்கும்.

மாணவியின் சித்தப்பா:

எங்கள் அண்ணன் மகள் பி.எட். இரண்டாம் வருடம் படிக்கிறாள். கல்லூரிக்கு அங்கீகாரம் போய்விட்டதாக வெளியே பேச்சு. தாளாளரைக் கேட்டால், மேல்முறையீடு போட்டிருக்கிறோம், கவலைப்படாதீர்கள் என்பதோடு முடித்துவிடுகிறார். அவள் சர்டிபிகேட் செல்லுமா? வேறு எங்காவது மாற வேண்டுமா?

வழக்கறிஞர்:

ஐயா, ஆசிரியர் கல்விக்குத் தனிச் சட்டம் இருக்கிறது, தேசிய ஆசிரியர் கல்விக் குழுமச் சட்டம், 1993. அதன் 17-ஆவது பிரிவைப் படியுங்கள். கல்லூரிக்குத் தன் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்புக் கொடுக்காமல் ரத்து செய்யக் கூடாது, காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும் என்கிறது. உங்களுக்கு வேண்டியது அதற்கு அடுத்த வரி. ரத்து உத்தரவு உடனே அமலுக்கு வராது. உத்தரவு தெரிவிக்கப்பட்ட தேதிக்கு அடுத்து வரும் கல்வியாண்டு முடியும்போதுதான் வரும். உள்ளே படித்துக்கொண்டிருக்கும் பிள்ளைகளுக்கு இந்த வரி பெரிய பாதுகாப்பு. எல்லாக் கல்விச் சட்டத்திலும் இப்படி ஒரு வரி இருக்க வேண்டும் என்பேன்.

ஆனால் அமலுக்கு வந்த பிறகும் கல்லூரி பாடம் நடத்தினால், அதில் வாங்கும் பட்டம் அரசு வேலைக்கும் அரசு உதவி பெறும் பள்ளி வேலைக்கும் செல்லாது. கோர்ட் இரக்கப்படும் என்று நம்பி இருக்காதீர்கள். மதுரையில் இருந்த ஒரு ஆசிரியர் பயிற்சி நிறுவனத்தின் வழக்கில் 1993-இலேயே, அங்கீகாரம் இல்லாத இடத்து மாணவர்களை இடைக்கால உத்தரவில் தேர்வு எழுத விடுவதை உச்ச நீதிமன்றம் கண்டித்திருக்கிறது.

தாளாளர் வாய்வார்த்தையை விடுங்கள். ரத்து உத்தரவின் நகல் பல்கலைக்கழகத்துக்கும் போக வேண்டும், அரசிதழிலும் வெளியாக வேண்டும் என்று அதே பிரிவு சொல்கிறது. பல்கலைக்கழகத்தில் கேளுங்கள். தராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். உத்தரவு கல்லூரிக்குத் தெரிவிக்கப்பட்ட தேதி, மேல்முறையீட்டில் இடைக்காலத் தடை ஏதும் இருக்கிறதா, உங்கள் பெண்ணின் பேட்ச் எந்தக் கல்வியாண்டு, இந்த மூன்றும் கையில் வந்ததும் இங்கேயே எழுதுங்கள். அந்தத் தேதிகளைப் பார்த்தால்தான் அவள் அங்கேயே முடிக்கலாமா, மாற வேண்டுமா என்று சொல்ல முடியும்.