புலம்பல் நூலைக் குழுவாகப் படிக்க எப்படிப் பிரிப்பது? எந்தெந்த இரங்கற்பாடல்களோடு ஒப்பிடலாம்?

கேள்வி:

வணக்கம். விவிலியத்தின் புலம்பல் நூலை ஒரு வாசிப்புக் குழுவில் நான்கு அமர்வுகளாகப் படிக்க இருக்கிறோம். ஒவ்வொன்றும் ஒரு மணி நேரம். ஐந்து அதிகாரங்கள், 154 வசனங்கள். சத்தமாக வாசித்தாலும் அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ஆனால் வாசித்து முடித்ததும் "ஒரே அழுகை, திரும்பத் திரும்ப அதேதான்" என்ற எண்ணம்தான் பலருக்கும் மிஞ்சுகிறது. இதன் கட்டமைப்பை எங்கே பிடிப்பது? சாவுப் பாட்டுக்கும், விவிலியத்தின் பாடல் தொகுப்பான சங்கீதங்களில் வரும் முறையீட்டுக்கும் வேறுபாடு உண்டா? மற்ற பண்பாடுகளிலிருந்து எதைப் பக்கத்தில் வைத்துப் படிக்கலாம்? கடைசியில் ஆளுக்கொரு சிறு பாட்டு எழுதிப் பார்க்கவும் எண்ணம் இருக்கிறது.

பதில் 1:

வேறுபாடு உண்டு. அதைத் தெளிவாக்காமல் தொடங்கினால் நான்கு அமர்வும் குழம்பும்.

சாவுப் பாட்டுக்கு எபிரெயத்தில் கினா என்று பெயர். அன்று எப்படி இருந்தார், இன்று எப்படிக் கிடக்கிறார் என்ற எதிர்நிலையில்தான் அது நிற்கும். அதில் வேண்டுதல் இருக்காது. செத்தவரிடம் கேட்டுப் பெற என்ன இருக்கிறது? 2 சாமுவேல் 1:19-27ஐப் பாருங்கள். போரில் மாண்ட அரசன் சவுலுக்கும் அவன் மகன் யோனத்தானுக்கும் தாவீது பாடியது. "பராக்கிரமசாலிகள் விழுந்தார்களே" என்பது 19, 25, 27 என மூன்று இடத்தில் பல்லவிபோல் திரும்புகிறது. அவர்கள் மாண்ட கில்போவா மலைமேல் பனியும் மழையும் பெய்யக்கூடாது என்று சபிக்கிறான். ஆனால் பாட்டு முழுவதிலும் ஒரு முறைகூடக் கடவுளை அழைக்கவில்லை.

முறையீட்டுச் சங்கீதம் இதற்கு நேர்மாறு. அங்கே கேட்பவர் உயிரோடிருப்பவர், கேட்கப்படுபவர் செய்ய வல்லவர். சங்கீதம் 13 ஆறே வசனம். மாதிரிக்கு அதைவிடக் கச்சிதமானது கிடைக்காது. 1-2இல் "எதுவரைக்கும்" என்று நான்கு முறை முறையீடு. 3-4இல் வேண்டுதல், கூடவே காரணம்: நான் செத்தால் பகைவன் மகிழ்வானே. 5-6இல் நம்பிக்கையும் பாடுவேன் என்ற வாக்கும். இந்த 4க்கும் 5க்கும் நடுவில் குரல் ஏன் சட்டென்று மாறுகிறது என்பது பழைய கேள்வி. அந்த இடைவெளியில் ஆசாரியர் (ஆலயக் குரு) ஒரு மீட்பு வாக்கை அறிவித்திருப்பார் என்று விவிலிய ஆய்வாளர் யோவாக்கிம் பெக்ரிக் 1934இல் விளக்கினார். அழகான விளக்கம்தான், ஆனால் அப்படிப்பட்ட வாக்கு சங்கீதத்துக்குள்ளேயே எழுதப்பட்டிருப்பது அரிது. அதனால் அதை முடிந்த முடிவாகக் குழுவில் சொல்லாதீர்கள்.

புலம்பல் நூல் இந்த இரண்டையும் பின்னியிருக்கிறது. 1, 2, 4ஆம் அதிகாரங்கள் வீழ்ந்த எருசலேம் நகரத்துக்கான சாவுப் பாட்டாகத் தொடங்குகின்றன. ஆனால் இங்கே பிணம் வாய் திறக்கிறது! 1:9இன் கடைசி அடியில் சீயோன், அதாவது பெண்ணாக உருவகிக்கப்பட்ட அந்த நகரம், குறுக்கிட்டு "கர்த்தாவே, பாரும்" என்கிறாள், 1:11இல் மறுபடியும், 12இலிருந்து பேச்சே அவள் கைக்கு வந்துவிடுகிறது. பாட்டுக்காரன் இறந்தவளாகப் பாடிக்கொண்டிருந்தவள் முறையிடத் தொடங்கிவிட்டாள்.

ஆகவே முதல் வேலை குரல்களைப் பிரிப்பது. எல்லாருக்கும் மூன்று நிறப் பென்சில் கொடுங்கள்: சொல்பவன், சீயோன், "நாங்கள்". 3ஆம் அதிகாரத்தில் வரும் "நான்" தனியாள்; அதற்கு நான்காவது நிறம். நிறம் தீட்டி முடித்த பிறகு, கடவுள் பேசும் இடத்துக்கு எந்த நிறம் என்று கேளுங்கள். அப்படி ஓர் இடமே இல்லை. 3:57இல் "பயப்படாதே என்றீர்" என்று நினைவுகூர்வது மட்டும்தான். "தேற்றுவாரில்லை" என்ற முறையீடு முதல் அதிகாரத்தில் மட்டும் ஐந்து முறை வருகிறது (2, 9, 16, 17, 21). "ஒரே மாதிரி" என்று சொன்னவர்கள் இதன் பிறகு அப்படிச் சொல்லமாட்டார்கள்.

பதில் 2:

மேலே சொன்னதோடு வடிவத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மொழிபெயர்ப்பில் முழுக்க மறைந்துபோவது அதுதான்.

எபிரெய எழுத்துகள் 22. அதிகாரம் 1, 2, 4 மூன்றும் அகரவரிசைப் பாடல்கள், வசனத்துக்கு ஓர் எழுத்து. மூன்றாவதில் ஓர் எழுத்துக்கு மூன்று வசனம். அதனால்தான் அங்கே மட்டும் 66. ஐந்தாவதில் 22 வசனம் உண்டு, எழுத்து வரிசை இல்லை. அடிகளையும் எண்ணிப் பாருங்கள். முதல் இரண்டு அதிகாரங்களில் வசனத்துக்கு மூன்று அடி (1:7, 2:19 இரண்டில் மட்டும் நான்கு), மூன்றாவதில் ஒன்று, நான்காவதில் இரண்டு, ஐந்தாவதில் ஒன்று. அதிகாரவாரியாக மொத்த அடிகள்: 67, 67, 66, 44, 22. பேசப் பேச மூச்சு குறைகிறது. கடைசியில் வரிசையும் கைவிட்டுப் போகிறது. இந்த எண்களை ஒரு தாளில் எழுதி முதல் அமர்விலேயே ஒட்டிவிடுங்கள்.

ஒரு சிறு சிக்கல் வரும். அச்சில் உள்ள எபிரெயப் பாடத்தில் முதல் அதிகாரத்தில் அயின் என்ற எழுத்து முந்தி, பே என்ற எழுத்து பிந்தி. 2, 3, 4இல் பே முந்திவிடுகிறது. எழுதியவரின் கைப்பிழை என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். சாக்கடல் அருகே கும்ரானில் கிடைத்த பழஞ்சுவடி ஒன்றில் முதல் அதிகாரத்திலும் பேதான் முந்துகிறது. பழைய எழுத்துப் பொறிப்புகளிலும் அந்த வரிசை கிடைத்திருக்கிறது. இரு வரிசையும் வழக்கில் இருந்திருக்கின்றன.

அடுத்தது ஓசை. 1882இல் ஜெர்மானிய ஆய்வாளர் கார்ல் புட்டே இதைக் கவனித்துச் சொன்னார்: அடியின் முதல் பாதியில் மூன்று அழுத்தம், இரண்டாம் பாதியில் இரண்டு. இரண்டாம் பாதி நொண்டும். ஆமோஸ் தீர்க்கதரிசியின் நூலில் 5:2ஐ எபிரெய ஒலியிலேயே சொல்லிக் காட்டுங்கள்:

நாஃப்லா லோ-தோசிஃப் கூம் / பெத்தூலத் யிஸ்ராயேல்

விழுந்தாள், இனி எழமாட்டாள், இஸ்ரவேல் கன்னி. நாடு இன்னும் உயிரோடும் செழிப்போடும் இருக்கும்போதே அதற்குச் சாவுப் பாட்டு பாடுகிறார் ஆமோஸ். கேட்டவர்களுக்கு அந்த ஓசையே குலை நடுங்க வைத்திருக்கும்.

ஆனால் 3+2 வந்தால்தான் இரங்கற்பா என்று சூத்திரம் போடவேண்டாம். தாவீதின் பாட்டு பெரும்பாலும் இந்த ஓசையில் இல்லை; புலம்பல் 5ஆம் அதிகாரத்திலும் இரு பாதிகளும் ஏறக்குறையச் சமம்.

இன்னொன்று: எரேமியா தீர்க்கதரிசிதான் எழுதினார் என்று அறிமுகத்தில் அடித்துச் சொல்லாதீர்கள். அந்தப் பெயர் எபிரெயப் பாடத்தில் இல்லை, கிரேக்க மொழிபெயர்ப்பின் முன்னுரை வழியாக வந்தது. எபிரெய வரிசையில் இந்நூல் எரேமியாவின் பக்கத்திலும் இல்லை.

பதில் 3:

ஒப்பீட்டுக்கு முதலில் எடுக்க வேண்டியது, இன்றைய தென் ஈராக்கில் இருந்த பழைய சுமேர் நாட்டின் நகரப் புலம்பல்கள். ஊர் (இது ஒரு நகரத்தின் பெயர்), சுமேரும் ஊரும், நிப்பூர், எரிது, உருக் என ஐந்து கிடைத்துள்ளன. ஊர் நகரம் வீழ்ந்தது கி.மு. 2000ஐ ஒட்டி, எருசலேம் வீழ்ந்தது கி.மு. 586இல் (587 என்றும் கணக்கிடுவர்). இடையில் ஏறத்தாழ 1400 ஆண்டுகள். இது அதைப் பார்த்து எழுதப்பட்டது என்று சொல்லிவிட முடியாது. ஆனாலும் கோயில் புலம்பல்களைக் காலா எனப்பட்ட பாடகர்கள் எமெசல் என்ற தனி வழக்கில் பாடுவது பாபிலோனில் அதற்குப் பின்னும் நூற்றாண்டுக் கணக்கில் தொடர்ந்தது. வகை பொது என்று சொல்லலாம், மூலம் இதுதான் என்று சொல்லக்கூடாது.

ஒற்றுமை எல்லார் கண்ணிலும் படும். தெய்வம் நகரைக் கைவிடுகிறது, தாய்போல் ஒருத்தி அழுகிறாள், தெருவில் பிணங்கள். வேற்றுமையில்தான் நேரம் செலவிடவேண்டும். ஊர் புலம்பலில் அழுபவள் நிங்கல், அந்த நகரின் தெய்வமே. அவள் பெருந்தெய்வங்களான ஆனிடமும் என்லிலிடமும் கெஞ்சுகிறாள், பலிக்கவில்லை. சுமேர்-ஊர் புலம்பலில் என்லில் பதிலும் சொல்கிறான்: ஊருக்கு அரசு தரப்பட்டது உண்மை, முடிவில்லாத ஆட்சி தரப்படவில்லை. யாருடைய குற்றமும் இல்லை, முறை மாறிவிட்டது, அவ்வளவுதான். எருசலேமின் பாட்டில் குற்றம் ஒப்புக்கொள்ளப்படுகிறது (1:18, 5:16), பதில் மட்டும் வரவில்லை. எது கொடுமை என்று குழுவைக் கேளுங்கள். ஒரு மணி நேரம் போதாது. நிப்பூர் புலம்பலில் இஷ்மே-தகான் என்ற அரசன் நகரைச் சீரமைத்ததும் பாடப்படுகிறது. புலம்பல் நூலில் யாரும் எதையும் மீட்டுக் கட்டவில்லை.

தனி ஆளுக்கான பாட்டு என்றால் ஓமரின் கிரேக்கக் காப்பியமான இலியத்தின் 24ஆம் காண்டம். போரில் மாண்ட திரோய் வீரன் எக்டரின் உடலருகே மனைவி அந்திரொமாக்கி, தாய் எக்குபா, மைத்துனி எலேனா என மூவர் வரிசையாகப் பாடுகிறார்கள். ஒவ்வொன்றும் விளித்தல், கடந்ததும் வரப்போவதும், மீண்டும் தன் நிலை என்று வட்டமாகத் திரும்பும். தொழில்முறைப் பாடகர்களும் அங்கே உண்டு, ஆனால் கவிஞர் அவர்கள் பாடியதைத் தரவில்லை, பெண்கள் பாடியதைத்தான் தருகிறார். எரேமியா 9:17-20ஐ இதோடு சேர்த்து வாசியுங்கள். புலம்பல்காரிகளை வரவழைக்கச் சொல்லி, மகள்களுக்கும் அயலாளுக்கும் கற்றுக்கொடுங்கள் என்கிறது. பயிற்சியால் கைவரும் கலை அது.

அயர்லாந்தில் 1773இல் கணவன் ஆர்ட் சுட்டுக் கொல்லப்பட்டபோது எய்லீன் டுவ் பாடியது பின்னர் ஏட்டில் ஏறியது. அதில் ஆர்ட்டின் தங்கை குறுக்கே வந்து, அண்ணன் பிணம் கிடக்க நீ தூங்கப் போனாயே என்று குத்துகிறாள். பிள்ளைகளை உறங்கவைக்கப் போனேன் என்று இவள் பாட்டிலேயே பதில் தருகிறாள். இரங்கற்பாட்டு சண்டைக்கும் இடம் கொடுக்கும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். அரபியில் ஏழாம் நூற்றாண்டுப் பெண் கவிஞர் அல்-கன்சா, சகோதரன் சக்ரைச் சூரியன் எழும்போதும் விழும்போதும் நினைக்கிறாள். நம் பக்கம் கையறுநிலைப் பாடல்கள்: பாரி மகளிரின் "அற்றைத் திங்கள்... இற்றைத் திங்கள்" (புறநானூறு 112) ஐந்தே அடியில் அன்று-இன்று எதிர்நிலையை முடித்துவிடுகிறது.

எல்லாவற்றையும் எடுக்காதீர்கள். அமர்வுக்கு ஒன்று போதும்.

கேட்டவர்:

மிக்க நன்றி. குழுவில் சிலர் 3:22-33ஐ ("இரக்கங்களுக்கு முடிவில்லை, காலைதோறும் புதியவை") கடைசி அமர்வுக்கு ஒதுக்கினால் ஆறுதலோடு முடிக்கலாம் என்கிறார்கள். செய்யலாமா?

பதில் 1:

வேண்டாம். எல்லாரும் செய்யும் தவறு இதுதான், நூலையே தலைகீழாக்கிவிடும். அந்த நம்பிக்கை நடுவில் இருக்கிறது, முடிவில் இல்லை. அதைத் தாண்டிப் பத்துப் பன்னிரண்டு வசனத்துக்குள் 3:42இல் "நீர் மன்னிக்கவில்லை" என்றும், 3:44இல் ஜெபம் நுழையாதபடி மேகத்தால் மூடிக்கொண்டீர் என்றும் வருகிறது. 4:10இல் பசியின் உச்சம் சொல்லப்படுகிறது: தாய்மார் தங்கள் பிள்ளைகளைச் சமைத்தார்கள். நம்பிக்கையைப் பார்த்த பிறகும் இதையெல்லாம் சொல்ல வேண்டியிருக்கிறது என்பதே நூலின் நேர்மை.

முதல் அமர்வு: அதிகாரம் 1, தாவீதின் பாட்டு, ஆமோஸ் 5:1-2. இரண்டாவது: அதிகாரம் 2, ஊர் புலம்பலில் நிங்கல் கெஞ்சும் பகுதி. மூன்றாவது: அதிகாரம் 3 முழுவதும், பக்கத்தில் சங்கீதம் 13உம் 88உம். 88 இருளிலேயே முடிகிறது, 13இன் திருப்பம் அதில் இல்லை; இரண்டையும் அடுத்தடுத்து வாசித்தால் 3ஆம் அதிகாரம் எங்கே நிற்கிறது என்பது விளங்கும். நான்காவது: 4, 5, பிறகு எழுதும் பயிற்சி.

5:22, கைவிட்டுவிட்டீரோ என்ற நிலையில் நின்றுவிடும். யூத ஜெப ஆலயங்களில், எருசலேம் ஆலயம் அழிந்ததை நினைவுகூரும் திஷா பே-ஆவ் நோன்பு இரவில் தரையிலோ தாழ்ந்த இருக்கையிலோ அமர்ந்து இந்நூலை வாசித்து முடித்ததும், "எங்களைத் திருப்பிக்கொள்ளும்" என்ற 21ஆம் வசனத்தை மறுபடி சொல்வார்கள். ஆறுதல் வேண்டுமென்று குழு வற்புறுத்தினால் அந்த வழியில் போங்கள். "தேற்றுங்கள்" என்று தொடங்கும் ஏசாயா 40ஐ வேறொரு நாளைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

பதில் 2:

எழுதும் பயிற்சிக்கு: ஆளுக்கு ஐந்தே அடி, அ முதல் உ வரை, ஆத்திசூடியின் வரிசையில். அடிக்கு மூன்று சீர், பிறகு ஒரு வெட்டு, பிறகு இரண்டு சீர். இருபது நிமிடம் கொடுங்கள்.

அடுப்பெல்லாம் அணைந்து கிடக்க / அழுவார் இல்லை
ஆறெல்லாம் நிறைந்து ஓட / அள்ளுவார் இல்லை

இப்படி எழுதினால் முதல் பாதியில் காட்சி, இரண்டாம் பாதியில் இல்லாமை என்று தானாக அமையும். இரண்டு சீரை மூன்றாக்கிச் சமன் செய்துவிட்டால் அது வேறு பாட்டாகிவிடும், நொண்டல் போய்விடும். பலர் அங்கேதான் தவறுவார்கள், காது சமனைத் தேடும்.

இன்னொரு பிழை, "சோகம், துயரம், வேதனை" என்று உணர்ச்சியின் பெயரைக் கொட்டுவது. அதற்கு ஒரு விதி வையுங்கள்: அந்தப் பெயர்கள் எதுவும் வரக்கூடாது, இறந்தவரின் பெயரும் உறவுமுறையும்கூட வரக்கூடாது. பின்லாந்து-ருஷ்ய எல்லைப் பகுதியான கரேலியாவின் புலம்பல்காரிகள் அப்படித்தான் பாடினார்கள். அம்மா என்று சொல்லாமல் என்னைச் சுமந்தவள், தாலாட்டியவள் என்று சுற்றிச் சொல்வார்கள். அடி முழுக்க மோனை ஓடும். நேர்ச்சொல் தடைபட்டால் எழுதுபவர் செயலைத் தேடிப் போகவேண்டிவரும், பாட்டுக்கு வேண்டியதும் அந்தச் செயல்தான்.

எழுதியதைத் திருத்தும்போது ஒவ்வொரு அடியும் யாரைப் பார்த்துப் பேசுகிறது என்று ஓரத்தில் குறிக்கச் சொல்லுங்கள்: இறந்தவர், இருப்பவர், கடவுள். மூன்றும் ஒரே அடியில் கலந்திருந்தால் அந்த அடியை இரண்டாக உடைக்கவேண்டும்.