நீலக் கோட்டு, மஞ்சள் காலுறை: கிறைஸ்ட்ஸ் ஹாஸ்பிட்டல் பள்ளியோடு உங்கள் அனுபவம்?

வெங்காயவெட்டி:

இங்கிலாந்துல ஹோர்ஷம் பக்கம் இருக்கறவங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. மாஸ்டர்ஸ் படிக்கும்போது ஏஜென்சி மூலமா அந்தப் பள்ளி டைனிங் ஹால்ல ஒரு டெர்ம் வேலை பார்த்தேன். மதியம் பேண்டு சத்தம் கேட்டா தட்டெல்லாம் தயாரா இருக்கணும், அதுதான் எங்களுக்கு மணி. டிரம் முழங்க மொத்தப் பள்ளியும் அணிவகுத்து வரும். கணுக்கால் வரைக்கும் நீலக் கோட்டு, மஞ்சள் காலுறை, கழுத்துல வெள்ளைப் பட்டி, இடுப்புல தோல் வார். 1552-லேர்ந்து இதே உடுப்பாம். முதல் நாள் ஏதோ ஷூட்டிங்னு நெனச்சேன்.

விஷயம் அது இல்ல. அந்த ஹால்ல சுவர் நீளத்துக்கு ஒரு ஓவியம் இருக்குமே, வெரியோ வரைஞ்சது, 86 அடி, அதுக்கு எதிர்ல நின்னு பாஸ்தா போட்டுட்டு இருந்தேன். ஒரு பொடியன், பதினோரு வயசு இருக்கும், என் பேர் பேட்ஜைப் பார்த்தான். தட்டை நீட்டினபடியே, உதடு கூட அசையாம, தமிழ்ல கேட்டான்: "அண்ணா, மிளகாய்த்தூள் இருக்கா?"

இல்லன்னு தலையாட்டினேன். பின்னாடி வரிசை தள்ளுது, போயிட்டான். மறுநாள் ஒரு சின்ன டப்பால இட்லிப்பொடி எடுத்துட்டுப் போனேன். வெளிச்சாப்பாடு எதுவும் தரக்கூடாது, அலர்ஜி விதி. எள்ளு வேற இருக்கு அதுல. டெர்ம் முடியறவரைக்கும் டப்பா என் பாக்கெட்லயே இருந்துச்சு. அவனும் தினம் என் வரிசைக்குத்தான் வந்தான். மறுபடி கேக்கவே இல்ல.

தூட்டிங்_அப்பா:

என்ர மகள் அங்க ஏழு வருசம். ஊரில இருந்த ஐயாவுக்கு "பேத்திக்குக் கிறைஸ்ட்ஸ் ஹாஸ்பிட்டலில இடம் கிடைச்சிட்டுது" எண்டு சொல்ல மனுசன் அழத் தொடங்கிட்டார். பிள்ளைக்கு என்ன வருத்தம், எந்த வாட்டு எண்டு. ஹாஸ்பிட்டல் எண்டா அந்தக் காலத்தில ஏழை எளியதுகளை வைச்சுப் பராமரிக்கிற இடம் எண்டு விளங்கப்படுத்த எனக்கு ஒரு கோலிங் கார்ட் முடிஞ்சுது.

நான் பெற்றோல் செட்டில இரவு வேலை. வருமானத்தைப் பார்த்துத்தான் அங்க எவ்வளவு கட்டவேணும் எண்டு முடிவெடுப்பினம். நாங்கள் கட்டினது சொற்பம். உடுப்புக்குக் காசில்லை.

படிச்சு முடிஞ்சு வெளிக்கிடேக்க பள்ளிக்கூடத்துத் தேவாலயத்தில ஒரு சேர்விஸ் வைப்பினம். பைபிள் குடுத்து, ஒரு கட்டளை வாசிப்பினம். இங்க பெற்ற நன்மையை ஒருநாளும் மறக்காதே, உன்னால ஏலுமான அளவு மற்றவைக்கும் அது கிடைக்கச் செய் எண்ட மாதிரி. மனிசிக்கு நான் காதுக்குள்ள தமிழில சொல்லிக்கொண்டிருந்தனான். நாங்கள் சைவம், ஆனா அந்தப் பைபிள் இப்பவும் சாமியறையிலதான் கிடக்கு.

பிறகு மகள் வேலைக்குப் போனா. முதல் சம்பளம் வந்த கிழமை, மாசாமாசம் பள்ளிக்கூடத்துக்குக் காசு போக எழுதிக் குடுத்திட்டுத்தான் வீட்டை வந்தவ. தாய்க்கு ஒரு சீலை கூட இல்லை. நான் கத்திப்போட்டன். அவ ஆறுதலாச் சொன்னா: "அப்பா, நீங்கள்தானே அண்டைக்கு அம்மாவுக்கு மொழிபெயர்த்தனீங்கள்." இண்டு வரைக்கும் என்னட்டை மறுமொழி இல்லை.

நியூகேட்_நடையன்:

முதல் பதிவருக்கு ஒரு திருத்தம். உடுப்பு 1552-லிருந்து "இதே" அல்ல. அந்த வருடக் கிறிஸ்துமஸுக்குப் பிள்ளைகள் போட்டிருந்தது செம்பழுப்புத் துணி. அடுத்த ஈஸ்டருக்குத்தான் நீலம் வந்தது, அந்தக் கால லண்டன் வரலாற்றாசிரியர் ஜான் ஸ்டோ எழுதிவைத்திருக்கிறார். காலுறை மஞ்சளாக இருந்தால் எலி கடிக்காது என்று ஒரு கதை வரும் பாருங்கள், அதையும் யாராவது போடுவதற்குள் சொல்லிவிடுகிறேன்: கதைதான்.

ஹோர்ஷமுக்குப் பள்ளி போனது 1902-ல். அதற்கு முன் 350 வருடம் லண்டனுக்குள், நியூகேட் தெருவில், துறவிகள் விட்டுப்போன மடத்தில். பள்ளிக்குச் சாசனம் தந்த மன்னன் ஆறாம் எட்வர்டுக்கு வயது 15. தந்து பத்து நாளில் போய்விட்டான். அது போகட்டும்.

என் அலுவலகம் லண்டனின் பழைய நடுப்பகுதியான சிட்டியில். ஒரு செப்டம்பர் மதியம் சாண்ட்விச்சைக் கடித்துக்கொண்டு ரோட்டைக் கடக்கப் போனேன், போலீஸ் நிறுத்திவிட்டது. இந்தப் பள்ளிப் பிள்ளைகளின் புனித மத்தேயு நாள் ஊர்வலம், மேயரிடம் புதுக்காசு வாங்கப் போகிறார்கள். கொட்டும் மழை. ஒரு பிள்ளையும் குடை பிடிக்கவில்லை. கடைசி வரிசையில் ஒரு பெண்ணுக்குக் காலுறை நழுவி இறங்கியிருந்தது. குனிந்து இழுத்துவிட்டால் நடை தப்பும். கால் மாற்றும் ஒவ்வொரு முறையும் மற்றக் காலால் அதை மேலே உரசி ஏற்றிக்கொண்டே போனாள். மேயர் மாளிகையான மேன்ஷன் ஹவுஸ் வரை பின்னாலேயே போனேன். இரண்டு மணி மீட்டிங் போச்சு.

லெவன்பிளஸ்_வழிகாட்டி:

நான் ஒரு தடவை ஓபன் டேக்குப் போயிருக்கேன், பார்க்கிங் நல்லா இருந்தது.

தூட்டிங் சார், தப்பா எடுக்காதீங்க. உங்க பொண்ணு கிஃப்ட் எய்ட் டிக் பண்ணினாங்களான்னு உடனே கேளுங்க. வரி கட்டுறவங்க கொடுத்தா ஒரு பவுண்டுக்கு 25 பென்ஸ் அரசாங்கம் சேர்க்கும். நாற்பது சதவீத வரம்புக்கு மேல சம்பளம்னா வித்தியாசத்தை அவங்களே திரும்பக் கேட்டு வாங்கலாம், அதுல அம்மாவுக்குச் சேலையே எடுத்துடலாம்.

மத்த பெற்றோருக்கு: 2025 ஜனவரியிலேர்ந்து தனியார் பள்ளிக் கட்டணத்துக்கு 20 சதவீதம் வாட் உண்டு, கணக்கு போடும்போது மறக்காதீங்க. "பப்ளிக் ஸ்கூல்"னா அரசுப் பள்ளின்னு ஊர்ல சொந்தக்காரங்க நினைப்பாங்க, திருத்தப் போகாதீங்க, நேரம் வீண். பர்சரி (கட்டண உதவி) வேணும்னா வருமானக் காகிதம் எல்லாத்தையும் ஒரே ஃபைல்ல வைங்க. பிள்ளையை அஞ்சாம் வகுப்புலேர்ந்து டியூஷன்ல போட்டுப் பிழியாதீங்க, ஆனா வெர்பல் ரீசனிங் மட்டும் தினம் இருபது நிமிஷம். ஹாஸ்டலுக்கு அனுப்பும் முன்னாடி பிள்ளைக்குத் தனியாத் தலை சீவத் தெரியுமான்னு பாருங்க. சாக்ஸ்ல பேர் தைங்க.

நியூகேட்_நடையன்:

எல்லாருக்கும் ஒரே மஞ்சள் சாக்ஸ்தானே ஐயா, பேர் தைக்காமல் எப்படி. அதைச் சொல்ல ஆலோசகர் வேண்டுமா?

கதீட்ரல்ரோடு_29சி:

நான் சுற்றிப்பார்க்கத்தான் போனேன். கூட்டிப்போனவர் பழைய மாணவர், எண்பது தாண்டியவர். எந்த ஊர் என்றார், மெட்ராஸ் என்றேன். முகம் மலர்ந்துவிட்டது. "எங்கள் மிடில்டன் அங்கே வந்திருக்கிறார், தெரியுமா?"

தெரியாது. தாமஸ் மிடில்டன், இதே பள்ளிப் பையன், 1814-ல் கல்கத்தாவின் முதல் பிஷப். 1816 ஜனவரியில் மெட்ராஸில் செயின்ட் ஜார்ஜ் ஆலயத்தை அர்ப்பணித்தவர் அவர்தான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்தக் கதீட்ரலுக்கு எதிரே ஸ்டெல்லா மேரிஸில் மூன்று வருடம் படித்தவள் நான். அந்த வாசலைத் தாண்டாத நாளில்லை, ஒருநாளும் உள்ளே போனதில்லை.

அவர் விடவில்லை. "உங்களுக்கு ஒரு பிஷப்பைக் கொடுத்தோம்" என்றார் பெருமையாக. இதே பள்ளியில் படித்த கட்டுரையாளர் சார்லஸ் லேம்ப் 1792 முதல் 33 வருடம் கிழக்கிந்தியக் கம்பெனியில் குமாஸ்தா, நம் துணிமணி, அவுரிக் கணக்கெல்லாம் புரண்ட ஆபீஸ் அது. "பிஷப்புக்கு விலை உங்கள் லேம்ப் எழுதிய பேரேட்டில் இருக்கும்" என்று சொல்லியிருக்கலாம். நன்றாகத்தான் இருந்திருக்கும். எனக்கு அது தோன்றியது திரும்பும் ரயிலில், குரோலி தாண்டியபிறகு. அவரிடம் நான் சொன்னது, "லவ்லி."

குரொய்டன்_அம்மா:

வெங்காயவெட்டித் தம்பி, எந்த வருசம் நீங்கள் அங்க நிண்டது? என்ர மகன் ஒவ்வொரு லீவுக்கும் வந்து போகேக்க மிளகாய்த்தூள் கேட்டு வாங்கிக்கொண்டு போவான். கோட்டுப் பொக்கற்றில வைக்கிறவன்.

வெங்காயவெட்டி:

2011 அக்கா. செப்டம்பர்லேர்ந்து டிசம்பர் வரைக்கும்.

குரொய்டன்_அம்மா:

அப்ப இல்லைத் தம்பி. இவன் 2018இலதான் போனவன்.