புதுப்பிப்பு: ஸ்கேனில் 3 மி.மீ. சிறுநீரகக் கல், என்ன ஆனது

திருப்பூர் சாயப்பட்டறையில் பாய்லர் பக்கம் வேலை பார்க்கும் அண்ணனுக்கு இடது சிறுநீரகத்தில் 3 மி.மீ. கல் இருக்கு, உடைக்கணுமா என்று கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றிங்க.

கல் தானாகவே இறங்கிவிட்டது. 5 மி.மீ.க்குக் கீழே பெரும்பாலும் அப்படித்தான். கைகொடுத்தது, "குடிக்கிறதை அளக்காதீங்க, போகிற சிறுநீரை அளங்க" என்ற யோசனை. நாளுக்கு 2.5 லிட்டர் போகணும். பாய்லர் சூட்டில் வேர்வையாகவே நிறையப் போய்விடுவதால் 3 லிட்டர் குடித்தும் அவருக்கு எட்டவில்லை. 4 லிட்டருக்கு மேல் தேவைப்பட்டது. சிறுநீரகச் செயலிழப்போ இதய பலவீனமோ இருப்பவர்களுக்கு இந்த அளவு ஆகாது.

டீ வடிகட்டியில் பிடித்த கல்லைப் பரிசோதனைக்குக் கொடுத்ததில் கால்சியம் ஆக்சலேட் (கால்சியமும், சில உணவுகளில் இருக்கும் ஆக்சலேட் என்ற பொருளும் சேர்ந்த கல்) என்று வந்தது. அதற்காகப் பாலையும் தயிரையும் நிறுத்தக் கூடாதுங்க. சாப்பாட்டிலுள்ள கால்சியம் குடலிலேயே ஆக்சலேட்டைப் பிடித்துக்கொள்ளும். குறைக்க வேண்டியது உப்பு.

எதிர்பாராதது ஒன்று: முதல் அல்ட்ராசவுண்ட் ரிப்போர்ட்டில் வலது பக்கம் "பொடிக்கற்கள்" என்று எழுதியிருந்தவை சாயமருந்து ஏற்றாத சி.டி. ஸ்கேனில் இல்லவே இல்லை. இவ்வளவு சிறிய அளவில், ரத்தக்குழாய்ச் சுவரில் படிந்த சுண்ணாம்புகூட அல்ட்ராசவுண்டில் கல்லாகத் தெரியலாம். கல்லின் அளவையும் அல்ட்ராசவுண்ட் கூட்டிக் காட்டும்.

வலியோடு குளிர்காய்ச்சல் வந்தாலோ சிறுநீர் நின்றாலோ காத்திருக்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போயிடுங்க.