‘அண்டர் பிரஷர்’ எங்கே இருக்கிறது?

பழைய கேசட்: “குயீன் ராக் இசைக்குழுவின் 1981 கிரேட்டஸ்ட் ஹிட்ஸில் உச்சம் ‘அண்டர் பிரஷர்’தான்” என்று ஒருவர் நேற்று அளந்திருக்கிறார். படித்ததும் காபி புரையேறிவிட்டது. ஐயா, அந்தத் தொகுப்பில் அந்தப் பாட்டே கிடையாது. ‘போஹீமியன் ராப்சடி’யில் தொடங்கி ‘வீ ஆர் த சாம்பியன்ஸ்’ வரை 17 பாட்டு. எண்ணிப் பாரும்.

டிரம்ஸ் தம்பி: அளந்தது நான்தான். மாமா அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்த இசைத்தட்டு, பின்னட்டையில் பெயர் இருக்கிறது. அதுவும் 1981தான்.

பழைய கேசட்: அமெரிக்கத் தட்டெல்லாம் ஒரு கணக்கா? அதே பெயரில் அங்கே வந்த பதிப்பே வேறு, அதில் 14 பாட்டுதான். லண்டன் குழுவுக்கு லண்டன் தட்டுதான் கணக்கு. பிரிட்டனில் 70 லட்சத்துக்கு மேல் விற்றதும் அதுதான். அதில் ‘அண்டர் பிரஷர்’ இல்லை.

வீடியோ விசிறி: கூடவே வந்த ‘கிரேட்டஸ்ட் ஃபிளிக்ஸ்’ வீடியோ கேசட்டிலும் இல்லை. ஆனால் தட்டில் இல்லாத ‘லவ் ஆஃப் மை லைஃப்’ அதில் உண்டு. ‘அண்டர் பிரஷர்’ வீடியோவில் குயீனும் இல்லை, கூடப் பாடிய டேவிட் போவியும் இல்லை. போக்குவரத்து நெரிசலும் பழைய ஊமைப்படத் துண்டுகளும்தான்.

டிரம்ஸ் தம்பி: வீடியோவைப் பற்றி யார் கேட்டது?

வீடியோ விசிறி: வீடியோ இல்லாமல் குயீனா? 1975இல் ‘ராப்சடி’ வீடியோதானே எல்லாவற்றுக்கும் ஆரம்பம்!

லிவர்பூல் லோகு: ஆரம்பமா? பீட்டில்ஸ் 1966லேயே ‘பேப்பர்பேக் ரைட்டர்’ பாட்டுக்குப் படம் எடுத்துவிட்டார்கள். சும்மா இருங்கள் சார்.

பழைய கேசட்: வந்துவிட்டார் பீட்டில்ஸ் வக்கீல். எந்தப் பந்திக்கும் அழைக்காமலே இலை போட்டு உட்கார்ந்துவிடுவார். கேள்வி ஒன்றுதான்: 17 பாட்டில் ‘அண்டர் பிரஷர்’ உண்டா, இல்லையா?

லிவர்பூல் லோகு: ‘அனதர் ஒன் பைட்ஸ் த டஸ்ட்’ எழுதியது குயீன் பாடகர் ஃபிரெடி என்று போன மாதம் சாதித்தவர்தானே நீங்கள்? எழுதியது பேஸ் வாசித்த ஜான் டீக்கன்.

பழைய கேசட்: அது கைதவறி வந்தது. திசைதிருப்ப வேண்டாம். ‘அண்டர் பிரஷர்’ 1991இல் வந்த இரண்டாம் தொகுப்பில்தான் இருக்கிறது.

டிரம்ஸ் தம்பி: அப்போ என் மாமா பத்து வருஷம் முன்னாடியே எப்படி வாங்கினார்? பின்னட்டையைப் படம் எடுத்துப் போட்டிருக்கிறேன், பாருங்கள்.

பழைய கேசட்: படம் மங்கல்.

டிரம்ஸ் தம்பி: கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பாருங்கள் அண்ணே!

பழைய கேசட்: துடைத்தாயிற்று. 17 பாட்டு. இல்லை.